ஹெப்சிபாவின் சொந்தக் குரல்

ஹெப்சிபா ஏழு படங்களில் நடித்திருக்கிறாள். ஏழிலும் இழவு வீட்டில் அழும் பெண். இரண்டில் மட்டும் வசனம் உண்டு; அதையும் சென்னையில் வேறு யாரோ டப்பிங் பேசிவிட்டார்கள். மற்ற நாட்களில் ராஜபாளையத்தில் ஒரு பேண்டேஜ் கம்பெனியில் துணி சுற்றும் வேலை.

போன வருஷம் ஸ்ரீவில்லிபுத்தூர்க்காரன் சூர்யபிரகாஷ் குறும்படம் எடுக்க அவளைத் தேடி வந்தான்.

"அக்கா, இதுல நீங்க நடிக்க வேண்டாம். உங்களப் பத்தி நீங்களே பேசுங்க, போதும்."

கேமரா முன்னால் உட்கார்ந்ததும் அவளுக்கு அழுகை வந்தது. அவனுக்கு அது பிடித்திருந்தது. அவளுக்குத்தான் பிடிக்கவில்லை. படங்களில் அழுது பழகிய அதே அழுகை. "இன்னொரு தடவ எடுப்போம் தம்பி" என்று முகத்தைக் கழுவிக்கொண்டு வந்தாள். பதினொரு வருஷமாகத் தெருவில் யாரிடமும் சொல்லாததைச் சொன்னாள். எல்லாரிடமும் அவள் சொல்லி வைத்திருந்ததுபோல் கணவன் சாம்சன் பட்டாளத்தில் இல்லை. திருப்பூரில் வேறொருத்தியோடு இருக்கிறான்.

படத்தை ஸ்ரீவில்லிபுத்தூரில் ஒரு ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் திரையிட்டார்கள். கம்பெனியில் அடுத்த மேஜையில் வேலை பார்க்கும் அழகுத்தாய், "நானும் வாரேன்" என்று கிளம்பிவிட்டாள். வேண்டாம் என்று சொல்ல ஹெப்சிபாவுக்கு வாய் வரவில்லை. பஸ் ஸ்டாண்டில் தள்ளிப் போய் நின்று சூர்யபிரகாஷுக்குப் போன் செய்தாள்.

"எம் புருஷனப் பத்திச் சொல்ற எடத்த வெட்டிரலாமா தம்பி?"

"வேண்டாம்னா வெட்டிருதேன்க்கா. இங்க வந்து சேர்றதுக்குள்ள சொல்லிருங்க."

வழி நெடுக அழகுத்தாய் பேசிக்கொண்டே வந்தாள். ஹெப்சிபாவின் காதில் எதுவும் விழவில்லை. போனை எடுப்பதும் பையில் போடுவதுமாக இருந்தாள். அதை வெட்டிவிட்டால் படத்தில் இருக்கப்போவது மறுபடியும் யாரோ ஒருத்திதான். இறங்கும்வரை அவள் கூப்பிடவில்லை.

மண்டபத்தில் நாற்பது பேர் இருந்திருப்பார்கள். திரையில் தன் குரலைக் கேட்டதும் அவள் நிமிர்ந்து உட்கார்ந்தாள். இவ்வளவு கரகரப்பா? "எம் புருஷன் பட்டாளத்துல இல்ல" என்றது அந்தக் குரல்.

வெளியே வந்ததும் அழகுத்தாய் அவளை நிறுத்தினாள். "ஏட்டி, எங்கிட்டயுமா பொய் சொன்ன? எல்லையில சண்டைன்னு டிவியில வந்தப்போ, அவிய நல்லாருக்கணும்னு மாரியம்மனுக்கு நேர்ந்துக்கிட்டேனே!"

திரும்பும்போது அழகுத்தாய் வேறு சீட்டில் போய் உட்கார்ந்தாள்.

நான்கு நாட்கள் பேச்சில்லை. ஹெப்சிபாவுக்குச் சோறு இறங்கவில்லை. கம்பெனியில் யார் சிரித்தாலும் தன்னைப் பார்த்துத்தான் என்று தோன்றியது. ஐந்தாம் நாள் மதியம் அழகுத்தாய் தூக்குவாளியோடு வந்து பக்கத்தில் உட்கார்ந்தாள்.

"அவன் எப்பப் போனான்? மொதல்ல இருந்து சொல்லு."

மணி அடிப்பதற்குள் பாதிதான் சொல்ல முடிந்தது.

"மிச்சத்தச் சாயங்காலம் நடந்துக்கிட்டே சொல்லு" என்று அழகுத்தாய் கை கழுவ எழுந்தாள்.