சித்தி வார்த்த அம்மை

எனக்கு அம்மை வார்த்ததே இல்லை. ஆனாலும் அருமனையில் மாமா வீட்டில் ஒன்பது நாள் வேப்பிலைமேல் படுத்துக் கிடந்திருக்கிறேன். வார்த்தது என் சித்தி. அதுவும் ரப்பர் பாலில்.

அப்போது எனக்கு எட்டு வயது. அப்பா கொழும்பில் இருப்பதாகச் சொல்லிக்கொண்டார்கள். அம்மா, சித்தி, நான் மூவரும் மாமாவின் அதிகாரத்தில் இருந்தோம். தக்கலைக்கு வந்த நாடகக் குழுவின் ஒப்பனைக்காரர் காய்ச்சலில் படுத்துவிட, நாடகம் பார்க்கப் போன சித்தி துணிந்து உள்ளே நுழைந்து நான்கு நடிகைகளுக்கு அரிதாரம் பூசிவிட்டாள். அதைக் கேள்விப்பட்ட அந்த ஒப்பனைக்காரர் பிறகு திருவனந்தபுரத்தில் சினிமாவுக்குப் போனார். நடிகைகளுக்கு முகம் போட ஒரு பெண் வேண்டும், உடனே வா என்று சித்திக்குக் கடிதம் எழுதினார். அவள் படித்து முடித்ததும் மாமா பிடுங்கி அடுப்பில் போட்டார். கண்டவர் முகத்தைத் தடவவா உன்னை வளர்த்தேன் என்று குதித்தார். அடுத்த வாரமே மண்டைக்காட்டுப் பக்கமிருந்து அவளைப் பெண் பார்க்க வர ஏற்பாடாயிற்று.

சித்தி அழவில்லை. அழுகிற ஆளில்லை அவள். அவர்கள் வரவிருந்த காலையில் தோட்டத்திலிருந்து ஒரு சிரட்டை ரப்பர் பால் கொண்டுவந்தாள். பஞ்சைச் சின்னச் சின்னதாக உருட்டி, பாலில் தோய்த்து, என் முகமெங்கும் வைத்தாள். காய்ந்ததும் மேலே கொஞ்சம் சிவப்பு தடவினாள்.

“சிரிக்கப்பிடாது மக்கா. சிரிச்சா அம்மை உதிந்திரும்.”

கண்ணாடியில் பார்த்த எனக்கே காய்ச்சல் வரும்போல் இருந்தது.

வாசலில் வண்டி வந்து நின்றபோது அம்மா அறைக்குள் வந்தாள். பதறிப்போய் என் நெற்றியைத் தொட்டாள். ஒரு கொப்புளம் அவள் விரலோடு வந்துவிட்டது. முகர்ந்து பார்த்தாள். பிறகு சித்தியைப் பார்த்தாள். சித்தி தலை குனியவில்லை. அம்மா அந்தக் கொப்புளத்தைத் திரும்ப என் நெற்றியிலேயே அழுத்தி ஒட்டிவிட்டு, வாசலுக்குப் போய் உரக்கச் சொன்னாள்.

“பிள்ளைக்கு அம்மை வாத்திருக்கு. யாரும் உள்ள வரப்பிடாது.”

வந்தவர்கள் தண்ணீர்கூடக் குடிக்காமல் திரும்பினார்கள். அம்மன் இறங்கிய வீட்டில் குரலை உயர்த்தக்கூடாது என்பதால் மாமா பல்லைக் கடித்துக்கொண்டு கிசுகிசுவென்று கோபப்பட்டார். மூன்றாம் நாள் சித்திக்கும் தொற்றிவிட்டது என்று சொல்லி அம்மா அறைக்கதவைச் சாத்தினாள். மாமா தன் கையாலேயே வேப்பிலை பறித்துவந்து கதவருகே வைத்துவிட்டுப் போவார். உள்ளே நான் மட்டும் பனங்கற்கண்டு தின்றுகொண்டு சுகமாகக் கிடந்தேன்.

ஒன்பதாம் நாள் அம்மை போனதென்று அம்மா எனக்குத் தலைக்குத் தண்ணீர் விட்டாள். கொல்லையில் அம்மா என் முகத்தில் எண்ணெய் தடவி ரப்பரை உரித்துக்கொண்டிருந்தபோது மாமா வந்து நின்றார். என் முகத்தைப் பார்த்தார். காலியான அறையைப் பார்த்தார்.

“அவ எங்கட்டி?”

“திருவனந்தபுரத்துல வேலைக்குச் சேந்தாச்சு, அண்ணே. நான்தான் பஸ் ஏத்திவிட்டேன். அம்மன் போயாச்சு, இனி சத்தம் போட்டுக்கிடுங்க.”

மாமா ஒன்பது நாள் அடக்கியதையெல்லாம் சேர்த்துப் போட்டார். அவர் கத்தக் கத்த அம்மா சிரித்தாள். குலுங்கிக் குலுங்கி, கண்ணில் தண்ணீர் வரச் சிரித்தாள். அவள் அப்படிச் சிரித்து நான் பார்த்ததே இல்லை. ரப்பரோடு என் புருவத்தில் பாதி போய்விட்டிருந்தது. அதைப் பார்த்துத்தான் சிரிக்கிறாள் என்று நினைத்து இரண்டு நாள் அவளோடு பேசவில்லை. அம்மாவையும் ஒருநாள் அதே வீட்டில்தான் பெண் பார்த்தார்கள் என்பதும், அன்று அவளுக்கு என்ன வேண்டும் என்று ஒருவரும் கேட்கவில்லை என்பதும் எட்டு வயதில் எனக்கு எப்படித் தெரியும்?