பீர் என்று தொடங்கும் ஊர்

என் கணவர் ஆப்பிரிக்காச் சண்டையிலிருந்து தூத்துக்குடிக்குத் திரும்பி வந்த முதல் ஞாயிற்றுக்கிழமை, பூசை முடிந்ததும் கீழவைப்பாருக்குப் போக வேண்டும் என்றார். பட்டாளத்தில் அவரோடு ஒரே லாரியில் இருந்த சிநேகிதனின் அம்மா அங்கே இருந்தாள். பட்டாளத்துக்கு முன்பே இரண்டு பேரும் துறைமுகத்துக்கு உப்பு ஏற்றும் லாரியில் ஒன்றாக வேலை பார்த்தவர்கள். இவர் டிரைவர், அவன் கிளீனர். சங்கு குளிக்கிற குடும்பத்துப் பையன் அவன். கடலில் ஒன்றும் கிடைக்காத வருஷங்களாக வந்ததால் லாரிக்கு வந்தான். லாரி ஓட்டத் தெரிந்தவர்களைப் பட்டாளத்துக்கு எடுக்கிறார்கள் என்று கேள்விப்பட்டு இரண்டு பேரும் சேர்ந்தே பெயர் கொடுத்தார்கள். திரும்பி வந்தது இவர் மட்டும்.

பெட்ரோல் தட்டுப்பாட்டால் கரிவாயுவில் ஓடும் பஸ் வழியில் இரண்டு இடத்தில் நின்று போயிற்று. நாங்கள் போய்ச் சேர்ந்தபோது வெயில் ஏறிவிட்டது. மகன் செத்த செய்தி சர்க்கார் மூலம் முன்பே அந்த அம்மாவுக்கு வந்திருந்தது. அவள் அழவில்லை. எப்படிச் செத்தான் என்றும் கேட்கவில்லை. எங்களுக்குக் கருப்பட்டிக் காப்பி கொடுத்துவிட்டு எதிரில் உட்கார்ந்தாள்.

"ஏலே மக்கா, எந்த ஊர்ல வச்சு அடக்குனிய?"

"வனாந்தரம் பெரியம்மா. ஊரு ஒண்ணும் கெடையாது."

"பேரில்லாத இடம் உண்டாலே? ஆத்துமப் பூசையில செத்தவுக பேரோட ஊரையும் சாமியார் வாசிக்கணும்லா. இன்ன ஊர்ல மண்ணுக்குள்ள இருக்கான்னு தெரிஞ்சாத்தான எனக்குச் செபஞ்சொல்ல வாய் வரும்."

 என் கணவர் என்னைக் காட்டினார். "இவ டீச்சர்லா, பெரியம்மா. இங்கிலீசு படிச்சவ. புஸ்தகத்துல எல்லாம் போட்டிருப்பான். இவ கண்டுபிடிச்சுச் சொல்லிருவா."

என்னிடம் ஒரு வார்த்தை கேட்காமல் சொன்ன வாக்கு அது. அந்த அம்மா என் கையைப் பிடித்துக்கொண்டதால் நானும் தலையாட்ட வேண்டியதாயிற்று.

திரும்பி வரும் பஸ்ஸில் என்ன ஞாபகம் இருக்கிறது என்று அவரைக் கேட்டேன். ஒரு கிணறு. பக்கத்தில் இடிந்த வெள்ளைச் சுவர். எதிரி விமானம் குண்டு போட வந்தபோது இவர் ஒரு பக்கம் ஓடினார், அவன் மறுபக்கம் ஓடினான். அவனைச் சுவரோரமாகப் புதைத்தார்கள். பொழுது சாய்வதற்குள் வண்டிகள் எல்லாம் கிளம்ப வேண்டும் என்று உத்தரவு வந்துவிட்டது. அந்த இடத்தின் பெயரை வெள்ளைக்கார ஆபீசர் சொல்லிக் கேட்டிருக்கிறார். முழுப்பெயர் நினைவில்லை.

"பீருன்னு தொடங்கும். பீரு... என்னமோ."

பாதி வேலை முடிந்தது என்று சந்தோஷப்பட்டேன்.

ஊரில் வாசகசாலை ஒன்று இருந்தது. ஆண்கள் பத்திரிகை படிக்கிற இடம். நான் உள்ளே போனதும் பேச்சு நின்றது. அங்கே பொறுப்பாக இருந்தவர் என்னைப் பார்த்து எழுந்து நின்றார். மரியாதைக்குக் குறைவில்லை.

"ஆப்பிரிக்காவுல நடந்த சண்டைகளைப் பத்தி புத்தகம் வேணும்" என்றேன்.

"டீச்சரம்மாவுக்கு எதுக்குச் சண்டைப் புஸ்தகம்? தையல் புஸ்தகம் அடுத்த மாசம் வருது" என்றார்.

பெண்களுக்கு அங்கே சந்தா கிடையாது. கடைசியில் என் கணவர் பெயரில் எடுத்தேன். ஆங்கிலத்தில் ஒரு எழுத்தும் தெரியாதவர் வாராவாரம் போய்க் கையெழுத்துப் போட்டுத் தடித்தடியான ஆங்கிலப் புத்தகங்களைத் தூக்கி வந்தார். அங்கிருந்தவர்கள் அவரைப் பெரிய படிப்பாளி என்று நினைத்துக்கொண்டார்கள்.

வந்தவை எல்லாம் பழைய சண்டைகள். போயர்களோடு நடந்தது, சூடானில் நடந்தது, ஜூலுக்களோடு நடந்தது. இந்தச் சண்டையைப் பற்றி ஒன்றுமில்லை. மனிதர்கள் மாறினாலும் கிணறுகள் மாறாது, ஏதாவது ஒரு வரைபடத்தில் இருக்கும் என்ற நப்பாசையில் எல்லாவற்றையும் படித்தேன். பள்ளிக்கூடம் விட்டு வந்து, குசினியில் உலை கொதிக்கும்போது மடியில் வைத்துப் படித்தேன்.

அந்தப் புத்தகங்களை நினைத்தால் இன்றும் எனக்கு வயிறு எரிகிறது. தளபதி ஏறிய குதிரைக்குப் பெயர் இருக்கும். அது எந்தக் காலை நொண்டியது என்றுகூட இருக்கும். அந்தக் குதிரைக்குத் தண்ணீர் சுமந்தவனுக்குப் பெயர் இருக்காது. சுமைகூலிகள் பலர் வழியில் இறந்தார்கள் என்று ஒரு வரி வரும். அடுத்த வரியில் மழை பெய்யத் தொடங்கிவிடும். செத்த வெள்ளைக்காரர்களின் பட்டியல் கடைசிப் பக்கத்தில் ஒவ்வொருவருடைய பதவியோடும் இருக்கும். தங்கள் சொந்த மண்ணில் நின்று செத்த கறுப்பு மனிதர்களுக்குத் தொகைகூட உத்தேசம்தான். ஒரு கீழவைப்பார் அம்மாவுக்காகத் தேடப் போன எனக்கு, அந்தக் கண்டம் முழுக்க அவளைப் போன்றவர்கள் வாசலில் உட்கார்ந்திருப்பதாகத் தோன்றத் தொடங்கியது. அவர்களில் யாருக்கும் இந்தப் புத்தகங்களில் பதில் இல்லை. எழுதியவர்களுக்கு அப்படி ஒரு கேள்வி இருப்பதே தெரியவில்லை.

பீர் விஷயமும் அந்த நாட்களிலேயே கெட்டது. காயல்பட்டினத்து முத்து வியாபாரி ஒருவரின் மகள் எங்கள் பள்ளியில் படித்தாள். அவளைக் கூட்டிப்போக வந்தவரிடம், ஆப்பிரிக்காவில் அரபு பேசுகிற பக்கத்தில் பீர் என்று தொடங்கும் ஊர் தெரியுமா என்று கேட்டேன்.

அவர் சிரித்துவிட்டார். "பீர்னா அரபில கெணறு, டீச்சர். கெணறு இருக்க எடமெல்லாம் பீர்தான். நம்ம ஊர்ல குளம்னு முடியுற ஊரு எத்தன இருக்கு? அதுமாதிரி."

ஒரு கிணறு இருந்தது என்பது எனக்கு முன்பே தெரியும். பீர் என்பதும் அதையேதான் சொன்னது. மறுநாள் வகுப்பில் ஒரு காரணமும் இல்லாமல் பிள்ளைகள் மேல் எரிந்து விழுந்தேன்.

வெள்ளைக்காரர்கள் ஊரைக் காலி செய்துகொண்டு போன சமயத்தில், அவர்களுடைய கிளப்பில் இருந்த புத்தகங்களை எடைக்குப் போட்டுவிட்டார்கள் என்று கேள்விப்பட்டேன். எங்கள் தெரு மளிகைக்கடை அண்ணாச்சி ஒரு வண்டி நிறைய வாங்கியிருந்தார். பள்ளிக்கூடம் விட்டதும் நேராகக் கடைக்கு ஓடினேன்.

"அண்ணாச்சி, ஆப்பிரிக்கா சண்டைப் புத்தகம் ஏதாவது இருக்கா?"

"இருந்துச்சு டீச்சரம்மா. நல்ல கெட்டித் தாளு. நேத்துப் பூரா ஆப்பிரிக்காவுலதான் புளி மடிச்சேன்."

மூலையில் கிடந்த குவியலைக் கிளறினேன். நான் தேடியதேதான். சண்டை முடிந்தவுடன் ஒரு கர்னல் எழுதியது. அட்டை இருந்தது, முன்பாதி இருந்தது. நடுவில் என் கணவர் இருந்த மாதங்கள் மட்டும் கிழிந்து போயிருந்தன. துணி ஒட்டிய பெரிய வரைபடம் ஒன்று கடைசியில் மடித்து வைக்கப்பட்டிருந்தது. பொட்டலம் மடிக்க வராது என்று அண்ணாச்சி அதை விட்டுவைத்திருந்தார்.

எனக்கு அழுகை வந்துவிட்டது. அண்ணாச்சி பதறிப்போனார். "அய்யோ, படிக்கதுக்குன்னு தெரிஞ்சா எடுத்து வச்சிருப்பேனே! இதயெல்லாம் யாரு தேடி வருவான்னு நெனச்சேன்? இருக்கத எடுத்துட்டுப் போங்க. பதிலுக்குப் பழைய பரீட்சைத் தாளு இருந்தாக் குடுங்க, போதும்."

முந்தின நாள் புளி வாங்கியவர்கள் வீடுகளுக்கெல்லாம் போனேன். பாதி தாள் அடுப்பு பற்றவைக்கப் போயிருந்தது. ஒரு வீட்டில் பிள்ளை கப்பல் செய்து விளையாடிவிட்டது. ஒரே ஒரு தாள், புளிக்கறையோடு கிடைத்தது. அதன் ஒரு பக்கத்தில் வனாந்தரத்தில் சோடா பாட்டில்களை எப்படிக் குளிர வைத்தார்கள் என்று இருந்தது. மறுபக்கத்தில் பட்டாளம் பின்வாங்கிய கதை. அது ஒழுங்காக நடந்து முடிந்தது, போக்குவரத்து வண்டிகளுக்குச் சிறு சேதம் மட்டுமே என்று கர்னல் எழுதியிருந்தார்.

என் கணவர் சாப்பிட்டுக்கொண்டிருந்தார். நான் வாசித்து, தமிழில் சொன்னேன். பிசைந்துகொண்டிருந்த கை நின்றது.

"சின்னச் சேதமா?"

"அப்படித்தான் போட்டிருக்கு."

"எழுதுனவன் அங்கன நின்னானா?"

"தெரியலியே."

தட்டை நகர்த்தி வைத்துவிட்டு எழுந்து போய்க் கை கழுவினார். நான் விடவில்லை. வரைபடத்தைத் தரையில் விரித்தேன். மேலே கடல் நீலமாக இருந்தது. கீழே வெறும் மஞ்சள் வெளி. அதில் பீர், பீர், பீர் என்று கொசு மொய்த்த மாதிரி எழுத்துகள். ஒவ்வொன்றாக வாசித்தேன். அவர் முழங்காலிட்டுப் பார்த்துக்கொண்டே இருந்தார். எதற்கும் தலை அசையவில்லை.

"ஒரு ஊர்ப்பேர்ப் பலகைகூடவா பாக்கல? இவ்வளவு தூரம் வண்டி ஓட்டிட்டுப் போயிருக்கீய!" என்று கத்திவிட்டேன்.

"பாத்தேன். பலகையெல்லாம் இங்கிலீசுலலா இருந்துச்சு" என்றார். பிறகு வரைபடத்தைக் காட்டி, "லாரிக்குள்ள இருக்கவனுக்கு முன்னால போற வண்டியோட தூசிதாம்ளா தெரியும். இது மானத்துல இருந்து பாத்து வரஞ்சது. இதுல நான் எங்கன போய்த் தேடுவேன்?" என்றார்.

வரைபடத்தை மடித்து வைத்தேன்.

ஆத்துமாக்கள் திருநாள் நெருங்கியதும் பேர் கிடைத்ததா என்று அந்த அம்மா ஆள் மூலம் கேட்டனுப்பினாள். கிடைக்கவில்லை என்று நேரில் சொல்லிவிடுவதுதான் முறை என்று முடிவு செய்தேன். தேடியதற்குச் சாட்சியாக வரைபடத்தையும் எடுத்துக்கொண்டேன். வாக்குக் கொடுத்துத் தோற்றவளாகப் போய் நிற்பது எனக்குப் பிடிக்கவே இல்லை. ஆனாலும் போனோம்.

வரைபடத்தைப் பாயில் விரித்து, "மாமி, நானும் முடிஞ்ச மட்டும் தேடிப் பாத்தேன்..." என்று தொடங்கினேன்.

அவள் என் பேச்சைக் கவனிக்கவில்லை. வரைபடத்தைத் தடவிக்கொண்டிருந்தாள். "இந்த நீலமா இருக்கது கடலா?"

"ஆமா மாமி."

"அப்ப எம் புள்ள கடலுக்குப் பக்கத்துலதான் இருக்கான்?"

பீர்கள் எல்லாம் நீலத்தை விட்டு வெகு தூரம் கீழே இருந்தன. இல்லை மாமி என்று சொல்ல வாயெடுத்தேன். அதற்குள் என் கணவர் குனிந்து, கடலோரத்தில் பெரிய எழுத்தில் போட்டிருந்த, நான் முன்பு வாசித்துக் காட்டிய துறைமுகத்தின் மேல் விரலை வைத்தார்.

"இங்கனதான் பெரியம்மா. கடக்கரைதான். ஊருப் பேரு தோப்ரூக்."

அந்தச் சண்டைக்குப் போன எல்லாருக்கும் தெரிந்த பெயர் அது. அவள் அதைத் திரும்பத் திரும்பச் சொல்லிப் பார்த்தாள். பிறகு முக்காட்டைச் சரிசெய்துகொண்டு சாமியாரிடம் சொல்லக் கிளம்பினாள்.

பஸ் கிளம்பும்வரை பொறுத்திருந்தேன்.

"பொய்தான சொன்னீய?"

"ஆமா."

"கோயில்ல வச்சு வாசிக்கப் போறாவ."

"வாசிக்கட்டும்."

"அப்ப நான் கண்ணு அவியப் படிச்சது எதுக்கு? முதல்லயே இந்தப் பொய்யச் சொல்லியிருக்கலாம்லா?"

அவர் வெளியே உப்பளங்களைப் பார்த்துக்கொண்டிருந்தார். "நீ படிச்ச அத்தன பேரும் எழுதுனானுவ. எவனாவது அவன ஒரு எடத்துல வச்சானா? நான் வச்சேன். கடலுக்குப் பக்கத்துல வச்சேன். பேசாம வா."

அது என் கோபத்தை இன்னும் கூட்டியது.  அதற்குப் பிறகு பல நாள் சாப்பாட்டைப் போட்டுவிட்டு எழுந்து போய்விடுவேன். அவர் பக்கம் நியாயம் இருப்பதாகச் சில நேரம் தோன்றும். அடுத்த நிமிஷம், அந்த இடிந்த சுவரோரம் படுத்திருப்பவனை அவனுடைய ஆட்களான நாங்களே இடம் மாற்றிவிட்டோம் என்று தோன்றும். கர்னல் அவனை எழுதாமல் விட்டுவிட்டார், நாங்கள் தூக்கி வேறு இடத்தில் போட்டுவிட்டோம்.

ஆத்துமப் பூசைக்குப் போனோம். சாமியார் பெயரை வாசித்து, "தோப்ரூக் என்னும் ஊரில் அடக்கம் செய்யப்பட்ட" என்றார். அந்த அம்மா முன்வரிசையில் நிமிர்ந்து உட்கார்ந்திருந்தாள். நான் முழங்காலில் இருந்தேனே ஒழிய ஒரு செபமும் வாயில் வரவில்லை.

பூசை முடிந்து வெளியே வந்ததும் பெண்கள் அவளைச் சூழ்ந்துகொண்டார்கள். "தோப்புல அடக்கியிருக்காவளாம்" என்று ஒருத்தி இன்னொருத்தியிடம் சொன்னாள். தோப்ரூக் அவர்கள் வாயில் அதற்குள் தோப்பாகியிருந்தது. "தோப்பு இல்ல, அது ஒரு ஊர் பேரு" என்று திருத்தப் போனேன். "கெடக்கட்டும் டீச்சர்" என்று என்னை ஒதுக்கிவிட்டார்கள்.

பஸ்ஸுக்குக் கிளம்பும்போது அந்த அம்மா பொரித்த மீனை ஓலைப்பெட்டியில் வைத்துக் கொடுத்தாள். அவள் முகம் தெளிந்திருந்தது.

"ஏலே மக்கா, அந்தத் தோப்புல என்ன மரம்லே நிக்கி?"

நான் என் கணவரைப் பார்த்தேன். அவர் என்னைப் பார்க்கவில்லை.

"பேரீச்ச மரம், பெரியம்மா."

"நெழலு இருக்குமா?"

"நல்ல நெழலு."

நான் பெட்டியை வாங்கிக்கொண்டு ரோட்டைப் பார்த்து நடந்தேன்.