ஒழுங்காக வீசிய காற்று

நேற்று வாங்கிய புது கேமில் புயல் அடிக்கிறது. தகரம் பறக்கிறது, குடை மடங்குகிறது, கதாநாயகனின் முடி அவன் வாய்க்குள்ளேயே போகிறது. காற்றை இதுவரை யாரும் இப்படிக் காட்டியதில்லையாம், ஆளாளுக்குப் புகழ்கிறார்கள். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. நாவலூரில் எப்போதோ காட்டிவிட்டார்கள் ஐயா! உங்கள் கண்ணுக்கு வர விட்டால்தானே?

அங்கே ஒரு சின்ன கேம் கம்பெனியில் அப்போது நான் படம் வரைந்துகொண்டிருந்தேன். என் மரங்கள் தூணில் இலை ஒட்டியது மாதிரி இருக்கும், அதை விடுங்கள். பக்கத்து சீட்டில் ஸ்டெல்லா அக்கா. வரைந்ததையெல்லாம் அசைய வைப்பது அவர் வேலை. ஒரு மொட்டை மாடி, மழைக்கு முந்தைய காற்று, கொடியில் துணிகள். அந்த ஒரு காட்சிக்கு அவர் பட்ட பாடு கொஞ்சமில்லை.

வெயிலில் காய்ந்த போர்வை வாசனை வந்தால் இன்றும் எனக்கு அந்தக் காட்சிக்காக அக்கா எடுத்த வீடியோக்கள்தான் ஞாபகம். அக்காவின் வீடு பீர்க்கன்கரணை ஏரியை ஒட்டி. ஏரிக்காற்றில் போர்வை உப்பும்; அதே கொடியில் சட்டை சும்மா தொங்கும்; திடீரென்று அதுவும் கை வீசும். எல்லாவற்றையும் செல்போனில் பிடிப்பார். ஒருமுறை அவர் வீட்டுக்காரரின் லுங்கி பறந்து அடுத்த மாடிக்கே போய்விட்டது.

"லுங்கி கெடக்கட்டும்டா, மடிப்பு எப்படி விழுது பாரு!" என்று அந்த வீடியோவை என்னிடம் நீட்டினார்.

அக்கா முடித்த காட்சியை டீம் லீட் பார்த்தார். "என்ன ஸ்டெல்லா, ஒண்ணு இப்படி ஆடுது, ஒண்ணு அப்படி ஆடுது? ஒரே கசகசன்னு இருக்கு. எல்லாம் ஒரே மாதிரி ஆடணும், நீட்டா."

"காத்து அப்படித்தான் சார் அடிக்கும்."

"நம்ம கேம்ல அடிக்காது."

காற்றுக்கே அணிவகுப்பு சொல்லித்தர வந்த ஆசாமி! ஏசி காரிலிருந்து இறங்கி ஏசி அறைக்குள் நுழைகிறவருக்குத் தலைமுடி என்றைக்குக் கலைந்தது? அக்காவின் காட்சியைத் தூக்கிவிட்டு, டேபிள் ஃபேன் முன்னால் ஆடுவதுபோலத் துணிகளை ஆட விட்டார்கள். அக்கா வேலையை விட்டுவிட்டு ஒரு பள்ளியில் கம்ப்யூட்டர் டீச்சராகப் போய்விட்டார். எப்பேர்ப்பட்ட கை! இன்று நினைத்தாலும் எனக்கு ஆறவில்லை.

அந்தச் சூட்டிலேயே நேற்று அவருக்குப் போன் போட்டேன்.

"அந்த வீடியோல்லாம் எப்பவோ அழிச்சுட்டேன்டா. விடு."

"திரும்ப எடுங்கக்கா! இப்ப எவனும் வேணாம்னு சொல்ல மாட்டான்" என்று கத்தினேன்.



"எதைடா எடுக்கறது? ஏரிப் பக்கம் பூரா ஃப்ளாட் வந்துடுச்சு. எங்க மாடியில இப்பல்லாம் துணி காயவே ரெண்டு நாள் ஆகுது."