இருப்புக் கொள்ளாத நெஞ்சு

ஓட்டுநர் பயிற்சிப் பள்ளியில் அவளை எல்லோரும் ‘பிரேக் அக்கா’ என்றுதான் கூப்பிட்டார்கள். பயிற்சிக் காரில் கற்றுக்கொடுப்பவரின் காலடியிலும் ஒரு பிரேக் இருக்கும். மற்றவர்கள் ஆபத்து வந்தால் அதை மிதிப்பார்கள். இவள் ஆபத்து வரலாம் என்று தோன்றினாலே மிதித்துவிடுவாள்.

டயர் கடைக்கு மேல் மாடியில் இருந்த அந்தப் பள்ளியில் கற்றுக்கொடுப்பவர்களில் அவள் ஒருத்திதான் பெண். வண்டி பழக வரும் பெண்கள் அவளைக் கேட்டு வருவார்கள். கத்துவாள், ஆனால் கேலி செய்யமாட்டாள் என்று பெயர். வகுப்பு இல்லாத நேரத்திலும் உட்காரமாட்டாள். கண்ணாடியைத் துடைப்பாள், டயரை உதைத்துப் பார்ப்பாள், படியிறங்கிப் போய்விட்டு எதற்காக இறங்கினோம் என்று தெரியாமல் திரும்பி வருவாள். “கால்ல சக்கரத்தக் கட்டிக்கிட்டுப் பொறந்தவ” என்பாள் அவளுடைய அம்மா.

அந்த ஓயாமைக்கு அடியில் வேறொன்று இருந்தது. சில நாட்களில் அவளுடைய நெஞ்சு தானாக ஓடத் தொடங்கிவிடும். கோபமோ பயமோ தேவையில்லை. குனிந்து செருப்பை மாட்டும்போது ஒரு துடிப்பு தவறினாற்போல் இருக்கும். அடுத்த நொடி தொண்டைக்குழி வரை ஏறி அடிக்கும். விரலை வைத்து எண்ணினால் எண்ணிக்கை பின்தங்கிவிடும். கண்ணாடியில் பார்த்தால் கழுத்தோரம் துணி அதிர்வது தெரியும். ஒரு பாட்டு முடிகிற நேரமும் இருக்கும், ஒரு சமையல் முடிகிற நேரமும் இருக்கும். பிறகு ஸ்விட்சை அணைத்ததுபோல் சட்டென்று நின்றுவிடும்.

பள்ளிக்கூடத்துப் பருவத்திலேயே தொடங்கியது அது. பரீட்சைக்குப் பயப்படுகிறாள் என்றார்கள். கல்யாணமானபின் வீட்டுக் கவலை என்றார்கள். எத்தனையோ முறை டாக்டரிடம் ஓடியிருக்கிறாள். ஆனால் போலீசைக் கண்ட திருடன்போல, ஆஸ்பத்திரி வாசலை மிதித்ததும் அது ஓடிப்போய்விடும். ஈ.சி.ஜி. எடுப்பார்கள், கோடுகள் ஒழுங்காக இருக்கும். “டென்ஷனக் குறைங்க மேடம்” என்று தூக்க மாத்திரை எழுதிக் கொடுத்தார் ஒருவர். அதைச் சாப்பிட்ட மாதங்களில் அவள் அரைத் தூக்கத்தில் படபடத்தாள், அவ்வளவுதான் வித்தியாசம்.

கணவன் செல்போன் பழுதுபார்ப்பவன். மயிரிழை போன்ற கம்பிகளைப் பொறுமையாகப் பற்றவைக்கும் கை. பேச்சும் அப்படியே நிதானம். அவள் நெஞ்சைப் பிடித்துக்கொண்டால், “கொஞ்சம் தண்ணி குடி, சரியாப் போயிடும்” என்பான். பெரும்பாலும் சரியாகவும் போய்விடும். அதுதான் அவளுக்கு எரிச்சல்.

அவளாகவே இரண்டு வைத்தியங்களைக் கண்டுபிடித்து வைத்திருந்தாள். ஒன்று, மூச்சைப் பிடித்துக்கொண்டு வயிற்றை இறுக்கி முக்குவது. மற்றது, ஐஸ் தண்ணீரில் முகத்தை முக்குவது. காரில் எப்போதும் ஒரு குளிர்ந்த தண்ணீர்க் குடுவை இருக்கும். பள்ளி முதலாளிக்கு இது எதுவும் தெரியாது. தெரிந்தால் வண்டியை விட்டு இறக்கிவிடுவார் என்று அவள் வாயைத் திறக்கவில்லை.

அந்த நாட்களில் அவளிடம் ஒரு நூலக ஊழியர் வண்டி பழகினார். ஐம்பதைத் தாண்டியவர். கணவருக்கு இடுப்பெலும்பு முறிந்துபோனதால் வீட்டில் கார் ஓட்ட ஆளில்லாமல் கற்றுக்கொள்ள வந்தவர். தேர்வில் இரண்டு முறை தோற்றிருந்தார். சிக்னலில் பச்சை விழுந்ததும் பதறி வண்டியை அணைத்துவிடுவார். பின்னால் ஒருவன் ஹாரன் அடித்தால் கண்ணாடியை இறக்கி மன்னிப்புக் கேட்பார். மூன்றாவது கியருக்கு மேல் போனதே இல்லை.

ஒரு காலை வேளை. மேம்பாலத்தில் ஏறி இறங்கும் பயிற்சி. பாலத்தின் உச்சிக்கு வந்தபோது அவளுக்கு நெஞ்சு தவறியது. வழக்கமான ஓட்டமாக இருந்திருந்தால் சமாளித்திருப்பாள். இது வேறு. சீரான வேகம் இல்லை. தாறுமாறாக, படிக்கட்டில் பாத்திரக் கூடையைக் கவிழ்த்ததுபோல் உருண்டது. மூச்சைப் பிடித்து முக்கினாள். நிற்கவில்லை. குடுவையைத் திறந்து முகத்தில் கவிழ்த்துக்கொண்டாள்.

“ஐயோ மேடம், என்னாச்சு?” என்றார் நூலக அம்மா, சாலையிலிருந்து கண்ணை எடுக்காமலே.

“ஒண்ணுமில்லக்கா. நேராப் பாருங்க. இறக்கத்துல கால பிரேக் மேலயே வச்சுக்குங்க.”

“உங்க குரல் சரியில்லையே.”

“அக்கா, நான் பேசலேன்னா வண்டிய ஓரமா…”

அதற்குமேல் அவளுக்கு எதுவும் தெரியாது. தலை கதவுக் கண்ணாடியில் சாய்ந்தது. பிரேக்கின் மேல் இருந்த கால் நழுவியது.

நூலக அம்மா ஓரங்கட்டவில்லை. ஓரங்கட்டினால் யாரைக் கூப்பிடுவது, என்ன சொல்வது என்று யோசிக்கவே பயமாக இருந்ததாம். பாலத்துக்கு அடுத்த முனையில் பெரிய ஆஸ்பத்திரி இருப்பது தெரியும். எச்சரிக்கை விளக்கைப் போட நினைத்து வைப்பரைப் போட்டார். வெயில் கொளுத்தும் காலையில் வைப்பர் இடமும் வலமும் அடிக்க, ஹாரனில் வைத்த கையை எடுக்காமல், நடுச்சாலையில் போனார். சிக்னலில் வண்டி அணைந்துவிடும் என்ற பயத்தில் சிக்னலில் நிற்கவே இல்லை. அவசரப் பிரிவின் வாசலில் தூணுக்கு ஒரு சாண் முன்னால் நிறுத்திவிட்டுக் கீழே இறங்கி, “எங்க டீச்சருக்கு மூச்சு இருக்கான்னு பாருங்க” என்று சொல்லிவிட்டுத் தரையில் உட்கார்ந்துவிட்டார்.

பின்பு யாராவது இதைப் பற்றிக் கேட்டால், “நாலாவது கியர்னு ஒண்ணு இருக்கறதே அன்னிக்குத்தான் தெரிஞ்சுது” என்பார்.

இந்த முறை திருடன் கையும் களவுமாக மாட்டிக்கொண்டான். கம்பிகளை மார்பில் ஒட்டியதும் திரையில் கோடுகள் வெறிபிடித்து ஓடின. மருந்துக்கு நேரமில்லை என்று மயக்கம் கொடுத்து, நெஞ்சில் மின்னதிர்ச்சி வைத்து அடக்கினார்கள். அடங்கியபின் எடுத்த ஈ.சி.ஜி.யில் ஒவ்வொரு துடிப்பின் தொடக்கத்திலும் ஒரு சிறிய சரிவு தெரிந்தது. அந்தச் சரிவு எல்லா நாளும் தலைகாட்டாது என்பதால் இத்தனை வருடமும் தப்பித்திருந்தது.

மறுநாள் இதய டாக்டர் வந்தார். அவளைவிட இளைய பெண். கட்டில் ஓரத்தில் உட்கார்ந்து நிதானமாகச் சொன்னார்.

“இதயத்துக்கு மேல ரெண்டு அறை, கீழ ரெண்டு அறை. மேலேர்ந்து கீழ கரண்ட் போறதுக்கு ஒரே ஒரு வழிதான் இருக்கணும். அந்த வழியில ஒரு கேட் மாதிரி இருக்கு, கொஞ்சம் நிறுத்தித்தான் அனுப்பும். உங்களுக்குப் பிறக்கும்போதே கூட ஒரு வழி இருக்கு. அதுல கேட் கிடையாது. கரண்ட் ஒண்ணுல இறங்கி இன்னொண்ணுல ஏறிச் சுத்த ஆரம்பிச்சா, அதுதான் நீங்க சொல்ற படபடப்பு. நேத்து மேல் அறையே தாறுமாறா அடிச்சிருக்கு. அத்தனையும் அந்தக் கேட் இல்லாத வழியா கீழ கொட்டிடுச்சு.”

“அப்ப இது டென்ஷன் இல்ல?”

“இல்ல. டென்ஷன் இருந்தா அது இதனால வந்ததா இருக்கும்.”

அவள் கணவனைப் பார்த்தாள். அவன் தரையைப் பார்த்துக்கொண்டிருந்தான்.

அம்மா மட்டும் அசரவில்லை. “எங்க பரம்பரையில யாருக்கும் இதயத்துல குறை கிடையாது” என்றாள்.

“குறை இல்லம்மா. கூடுதல்” என்றார் டாக்டர்.

“அப்படிச் சொல்லுங்க” என்று அம்மா நிமிர்ந்து உட்கார்ந்தாள்.

தொடை வழியாக மெல்லிய கம்பியை இரத்தக்குழாயில் செலுத்தி, இதயம்வரை கொண்டுபோய், அந்த உபரி வழியைச் சூடு வைத்துக் கருக்கிவிடலாம் என்றார்கள். ஒரே சிக்கல், அது சரியான வழிக்கு மிக அருகில் இருந்தால் அதற்கும் சூடு பட்டுவிடலாம். அப்படியானால் ஆயுளுக்கும் பேஸ்மேக்கர் வைத்துக்கொள்ள வேண்டியிருக்கும்.

“பக்கத்துல இருந்தா நிறுத்திடுங்க டாக்டர்” என்றாள் அவள். “நல்ல வழிய வச்சு விளையாட வேண்டாம்.”

குளிர்ந்த அறை. அறை முழுக்கத் திரைகள். அவளை முழுதாக மயக்கவில்லை. “இப்ப நாங்களே அதக் கிளப்பப் போறோம், பயப்படாதீங்க” என்றார் டாக்டர். நெஞ்சில் சின்னச் சின்னத் தட்டல்கள், அப்புறம் அதே பழைய ஓட்டம். ஆனால் இப்போது அறையில் இருந்த அத்தனை பேரும் திரையைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். ஒருவர் விரலை நீட்டி, “இதோ, வந்துடுச்சு” என்றார்.

அவளுக்குக் கண்ணீர் வழிந்து காதுக்குள் போனது.

“வலிக்குதா?” என்றாள் நர்ஸ்.

“இல்ல. உங்களுக்குத் தெரியுதுல்ல? ஸ்கிரீன்ல தெரியுதுல்ல?”

“நல்லாத் தெரியுதும்மா.”

அன்று நடந்தது அவ்வளவுதான். பயந்தபடியே அந்த வழி மிக அருகில் இருந்தது. அவள் சொன்ன சொல்லை மதித்து டாக்டர் கம்பியை வெளியே எடுத்துவிட்டார். சூடு வைப்பதற்குப் பதிலாக உறையவைக்கும் முறை ஒன்று உண்டு, அதற்கான கருவி வரும்வரை மாத்திரை சாப்பிடுங்கள், அதுவரை வண்டி ஓட்டக்கூடாது என்றார்.

கருவி வருவதற்கு ஒரு மழைக்காலம் முழுக்கப் போயிற்று. அதைப்போல் இருப்புக் கொள்ளாத காலம் அவள் வாழ்க்கையில் இருந்ததில்லை. முதலாளி நல்லவர், வேலையை விட்டு எடுக்கவில்லை. பலகையில் சாலைக் குறிகளை மாட்டிப் பாடம் எடுக்கச் சொன்னார். பாடத்தின் நடுவே ஜன்னலுக்குப் போய்க் கீழே புறப்படும் கார்களைப் பார்த்துக் கத்துவாள்: “கண்ணாடியப் பாரு, கண்ணாடியப் பாத்துட்டு எடு.” கணவன் ஓட்டும்போது பக்கத்தில் உட்கார்ந்து, இல்லாத பிரேக்கை மிதித்து மிதித்துக் கால்மிதியைக் கிழித்துவிட்டாள். ராத்திரியில் அவன் மார்பில் காதை வைத்துக் கேட்பாள். ஒரு வழி மட்டும் இருக்கிற நெஞ்சு எப்படி அடிக்கிறது என்று தெரிந்துகொள்ள வேண்டுமாம்.

நூலக அம்மா மூன்றாவது தேர்வில் தேறி இனிப்போடு வந்தபோது, அவரிடம் பேசாமல் உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள். பாலத்தின் மேல் அவருக்கு ஏதாவது ஆகியிருந்தால் என்ற நினைப்பு அவளை விடவே இல்லை. நூலக அம்மா கதவுக்கு வெளியே நின்று, “நீங்க கத்துக்குடுத்த வண்டிலதான் உங்களக் கொண்டுபோனேன். வேற கணக்கு எதுவும் வேண்டாம்” என்று சொல்லிவிட்டு, இனிப்பை மேசையில் வைத்துவிட்டுப் போனார்.

அன்று மாலை பற்றவைக்கும் கருவியைத் துடைத்துக்கொண்டிருந்த கணவனிடம் கேட்டேவிட்டாள்.

“நான் நடிக்கிறேன்னு நெனச்சியா, இத்தன வருஷமும்?”

அவன் கருவியை உறையில் போட்டு மூடினான்.

“நடிக்கிறன்னு நெனைக்கல. நம்புனா ஏதாவது செய்யணுமே. என்ன செய்யறதுன்னு தெரியல. தண்ணி குடின்னு சொல்றது சுலபமா இருந்துச்சு.”

அவள் திட்டுவதற்கு வாயெடுத்தாள். அவன் முகத்தைப் பார்த்ததும் திட்டு வரவில்லை.

இரண்டாம் முறை அதே குளிர்ந்த அறை, அதே நர்ஸ். உறையவைக்கும் கம்பியில் ஒரு வசதி உண்டு. முதலில் லேசாகக் குளிர வைத்துப் பார்ப்பார்கள். தவறான இடமென்றால் விட்டுவிடலாம், பழையபடி ஆகிவிடும். டாக்டர் நெடுநேரம் இடத்தைத் தேடினார். இரண்டு முறை விட்டுவிட்டுத் திரும்பத் தேடினார். மூன்றாம் முறை திரையில் அந்தச் சின்னச் சரிவு மறைந்தது.

“யாரும் அசையாதீங்க” என்றார் டாக்டர் தணிந்த குரலில். அவள் மூச்சைக்கூட அரைகுறையாகத்தான் விட்டாள். முழுதாக உறையவைத்தபின் மறுபடி கிளப்பிப் பார்த்தார்கள். தட்டினார்கள், சீண்டினார்கள், மருந்து கொடுத்து உசுப்பினார்கள். நெஞ்சு தட்டலுக்குப் பதில் சொன்னதே தவிர, ஓடவில்லை.

“போச்சா டாக்டர்?”

“போச்சு. நல்ல வழி நல்லபடியா இருக்கு.”

கண்காணிப்பு முடிந்து, வண்டி ஓட்டலாம் என்று எழுத்தில் வாங்கிக்கொண்டு வேலைக்குத் திரும்பினாள். முதலாளியிடம் எல்லாவற்றையும் சொன்னாள். ஆனாலும் அவள் ஒன்றும் அமைதியாக மாறிவிடவில்லை. வேறொருத்தியாகத் திரும்பி வருவாள் என்று எதிர்பார்த்த அம்மாவுக்கு ஏமாற்றம். இப்போதும் ஆபத்து வருமுன்னே பிரேக்கை மிதிக்கிறாள், இப்போதும் டயரை உதைக்கிறாள். போதாததற்கு, நெஞ்சு சும்மா இருப்பதே அவளுக்குச் சந்தேகமாக இருந்தது. வேலை நடுவில் நின்று, விருந்தாளி வந்திருக்கிறாரா என்று கேட்பவள்போல் காது கொடுப்பாள்.

ஒருநாள் பேருந்தைப் பிடிக்க ஓடினாள். கிளம்பிவிட்ட வண்டியை விரட்டிப் படியில் தொற்றிக்கொண்டபோது நெஞ்சு படபடவென்று அடித்தது. கம்பியைப் பிடித்தபடி அப்படியே நின்றாள். கை தானாக மார்புக்குப் போயிற்று. நடத்துநர் டிக்கெட் கேட்டார்.

“கொஞ்சம் இருங்க” என்றாள்.

“என்னம்மா, உடம்புக்கு முடியலையா?”

அவள் நெஞ்சையே கவனித்துக்கொண்டிருந்தாள். சட்டென்று நிற்கவில்லை அது. வேகம் கொஞ்சம் குறைந்தது. பிறகு இன்னும் கொஞ்சம். மாடிப்படியில் வயதானவர் இறங்குவதுபோல் ஒவ்வொரு படியாக இறங்கியது. அடுத்த நிறுத்தம் வருவதற்குள் தரைக்கு வந்துவிட்டது.

“ஓடி வந்தேன்ல, அதான்” என்று சொல்லி, சில்லறையை எடுத்து நீட்டினாள்.