மெஷினில் கூடு கட்டிய ராகுகாலப் பூச்சி

எங்கள் பக்கத்தில் ராகுகாலப் பூச்சி என்று ஒன்று உண்டு. நன்னிலத்துக்குக் கிழக்கே வந்தால் பார்க்கலாம். வெளியூர்க்காரர்கள் நம்ப மாட்டார்கள். நம்பாவிட்டால் போகட்டும், எனக்கு ஒரு நஷ்டமும் இல்லை.

நெல்லுக்குக் கால் முளைத்த மாதிரி இருக்கும். புகை நிறம். ராகுகாலம் தொடங்கியதும் பூவரச மரத்துப் பட்டையிலிருந்து கிளம்பும், முடிந்ததும் பொத்தென்று விழுந்து செத்துப்போகும். அதற்குள் பிறந்து, தின்று, சண்டை போட்டு, முட்டை வைத்து, பட்டும் நூற்றுவிடும். மறுநாள் ராகுகாலத்துக்கு அடுத்த கூட்டம் வரும். எந்தக் கிழமைக்கு எந்த நேரம் என்று அதற்கு யாரும் சொல்லித் தரவில்லை. ஒருநாளும் தப்பியதில்லை.

அந்தப் பட்டில்தான் வில்லங்கம். சும்மா கிடப்பதாகப் பார்த்துத்தான் அது கூடு கட்டும். உள்ளே மாட்டியதற்கு அந்த ராகுகாலத்தோடு நேரம் நின்றுவிடும். பட்டை எடுத்தால்தான் நகரும். பிய்த்த துண்டைக் கடிகாரத்தில் ஒட்டினாலும், அந்தப் பட்டு நூற்ற நேரத்துக்கே முள் திரும்பிப் போய் நின்றுவிடும். ஒருமுறை எங்கள் வீட்டில் உறை ஊற்றி வைத்த பால் சட்டியை மூடிவிட்டது. ஒரு வாரம் கழித்துப் பார்த்தோம், பால் பாலாகவே இருந்தது. பக்கத்து வீட்டுக்காரர் நாற்காலியில் தூங்கும்போது மாட்டினார். பொங்கலெல்லாம் முடிந்த பிறகு எழுந்து, கரும்பு வாங்கியாயிற்றா என்று கேட்டார். வீட்டுக்காரி வேண்டுமென்றே விட்டுவைத்ததாக ஊரில் பேச்சு. இருக்கும். அந்த ஆளை எனக்குத் தெரியும்.

போன தை மாதம் என் சம்பா நெல் முற்றித் தலை சாய்ந்து நின்றது. கடல் பக்கம் மேகம் திரண்டுகொண்டிருந்தது. ஒரு நல்ல மழை போதும், கதிர் தண்ணீரில் படுத்து அப்படியே முளைத்துவிடும். அறுவடை மெஷினுக்கு நாயாய் அலைந்து, ஒரு வெள்ளிக்கிழமைக்குப் பிடித்தேன். ஒரே நாள்தான். மறுநாள் வேறு ஊருக்குப் போய்விடும்.

பனி காய்ந்ததும் மெஷின் வந்து வயலில் இறங்கியது. உடனே அறுத்திருக்கலாம். ஆனால் என் அண்ணன் இருக்கிறாரே. பேங்கில் வேலை பார்த்து ரிட்டயர் ஆகி ஊருக்கு வந்தவர். நிலம் எங்கள் இருவர் பேரிலும் கூட்டுப் பட்டா. பாடுபடுவது தங்கச்சி நான், நேரம் பார்ப்பது அவர்.

"மெஷினுக்கு எலுமிச்சம்பழம் வைக்காம ஆரம்பிக்கக் கூடாது" என்று சொல்லிவிட்டுக் கடைக்குப் போனார். பழத்தோடு திரும்பும்போது பத்தரை. வெள்ளிக்கிழமை ராகுகாலம் ஆரம்பித்துவிட்டது.

"பன்னண்டு வரைக்கும் இருக்கட்டும்மா" என்றார்.

டிரைவர் மெஷினிலேயே உட்கார்ந்து ஃபிளாஸ்கிலிருந்து டீயை ஊற்றிக்கொண்டார். மெஷின் சும்மா நின்றது. டிரைவரும் சும்மா உட்கார்ந்திருந்தார். பூச்சிக்கு வேறென்ன வேண்டும்? வரப்போரப் பூவரசிலிருந்து மொத்தமாக இறங்கிவந்து, நாங்கள் கிட்டே ஓடுவதற்குள் மெஷினையும் டிரைவரையும் சேர்த்துச் சாம்பல் நிறப் பட்டில் மூடிவிட்டது. உள்ளே அந்த ஆள் டீ கிளாஸை வாய்க்குப் பக்கத்தில் வைத்தபடி சிலை மாதிரி இருந்தார்.

பன்னிரண்டு அடித்தது. பூச்சிகள் உதிர்ந்தன. நான் பட்டைப் பிய்க்கக் கையை நீட்டினேன்.

"தொடாதே" என்றார் அண்ணன். "நமக்குத்தான் ராகுகாலம் முடிஞ்சிது. மெஷினுக்கு முடியல. இப்பப் பிரிச்சா ராகுகாலத்துல அறுவடைய ஆரம்பிச்ச மாதிரி ஆயிடும்."

"மெஷினுக்கு எப்ப முடியும்?"

"பட்டைப் பிரிச்சாத்தான் முடியும்."

"அப்ப பிரிக்கவா?"

"முடியட்டும், பிரிக்கலாம்."

"அண்ணே, பால் சட்டியைப் பிரிச்சோமே?"

"அது பால். இது வெள்ளாமை."

எனக்கு வந்த ஆத்திரத்துக்கு அவரையே மெஷின் முன்னால் போட்டிருப்பேன். ஆனால் உண்மையைச் சொல்லிவிடுகிறேன், எனக்கும் பயம்தான். ராகுகாலத்தில் முதல் கதிரை அறுத்து ஏதாவது ஆகிவிட்டால், இந்த மனுஷன் சாகும்வரை சொல்லிக் காட்டுவார். வரப்பில் உட்கார்ந்தேன். மேகம் தலைக்கு மேலே வந்துவிட்டது. ஈரக் காற்று அடித்தது. அண்ணன் செல்போனைப் பார்ப்பதும் வானத்தைப் பார்ப்பதுமாக இருந்தார். வயலை மட்டும் பார்க்கவில்லை.

அந்த அழுக்குப் பட்டைப் பார்க்கப் பார்க்க எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. வீட்டில் ஒட்டடை இருந்தால் விட்டுவைப்பேனா? விறுவிறுவென்று போய்த் தென்னை விளக்குமாற்றை எடுத்துவந்து மெஷின்மேல் ஏறினேன்.

"ஏய், சொல்லிக்கிட்டே இருக்கேன், ராகுகாலத்துல ஆரம்பிக்கிறியா?"

"நான் எதையும் ஆரம்பிக்கல. பெருக்குறேன்."

"என்னது?"

"ஒட்டடை அடிக்கிறேன். ராகுகாலத்துல வீட்டைப் பெருக்கக் கூடாதுன்னு எந்தப் பஞ்சாங்கத்துல போட்டிருக்கு? காட்டுங்க."

அண்ணன் வாயைத் திறந்தார், மூடினார். தினம் அண்ணி எல்லா ராகுகாலத்திலும் பெருக்குகிறாள், அவர் அதே வீட்டில்தான் உட்கார்ந்திருக்கிறார். நான் பரபரவென்று இழுத்துப் போட்டேன்.

டிரைவர் டீயை ஒரு வாய் குடித்தார். நாக்கைச் சுட்டுக்கொண்டார்.

"என்னக்கா, அதுக்குள்ள இருட்டிக்கிட்டு வருது?"

"பேசாம வண்டியை எடுங்க தம்பி."

எடுத்தார். கடைசி நெல்லைக் களத்தில் கொட்டித் தார்ப்பாய் போட்டு, நாலு மூலையிலும் கல் வைத்தோம். அப்புறம்தான் பிடித்தது மழை. ஒரு நெல்மணிகூட நனையவில்லை.

"பார்த்தியா, எலுமிச்சம்பழம் வச்சது வீண்போகல" என்றார் அண்ணன்.

அவர் கைகால் கழுவப் போயிருந்தபோது, விளக்குமாற்றில் சுற்றியிருந்த பட்டில் கொஞ்சம் எடுத்து அவர் செல்போனின் முதுகில் ஒட்டி, உறையை மாட்டிவிட்டேன். அவர் நேரம் பார்ப்பது அதில் மட்டும்தான்.

அதில் இன்னும் வெள்ளிக்கிழமை பத்தரைதான். அண்ணன் வாசலில் உட்கார்ந்து பன்னிரண்டு ஆவதற்காகக் காத்திருக்கிறார். நான் தெளித்த உளுந்து முளைத்து, பூவும் வைத்துவிட்டது.