மாமல்லபுரத்தில் கெய்கோ சமைத்த கறி உருண்டை

சனிக்கிழமை காலை ஏழரை மணிக்குச் செங்கல்பட்டில் பஸ் ஏறியபோது என் வயர் கூடையில் ஒரு டஜன் முட்டை இருந்தது. மாமல்லபுரத்துக்கு ஏறத்தாழ முப்பது கிலோமீட்டர். டிக்கெட் ஒரு ரூபாய் பத்துப் பைசா. கல்பாக்கத்தில் அணுமின் நிலையம் கட்டும் வேலைக்குப் போகிறவர்களால் பஸ் நிரம்பியிருந்தது. கிடைத்த இருக்கையில் கூடையையும் பக்கத்தில் வைத்துக்கொண்டேன்.

"டீச்சரம்மா, முட்டைக்கும் டிக்கெட் கிழிக்கட்டா? சீட்ல ஜம்முனு குந்திகினு கீது," என்றார் கண்டக்டர்.

"இன்னும் பொறக்கவே இல்லண்ணே. பொறந்ததும் அரை டிக்கெட் வாங்கிடறேன்," என்று கூடையை மடிக்கு மாற்றினேன்.

திருக்கழுக்குன்றம் வரை ஏரியும் வயலும். மலையைச் சுற்றிக் கிழக்கே திரும்பியதும் பனைமரங்கள், பிறகு மணல், பிறகு உப்புக் காற்று.

மாமல்லபுரத்தில் என் சாச்சி, அதாவது சின்னம்மா, வீட்டு மாடி அறையில் ஒன்றரை மாதமாகக் குடியிருந்த கெய்கோ என்ற ஜப்பானியப் பெண்மணி மறுநாள் ஊர் திரும்புகிறார். பாறைச் சிற்பங்களை வரைய வந்தவர். போகும் முன் தன் கையால் சமைத்துச் சாச்சிக்கு விருந்து வைக்க ஆசைப்பட்டார். இருவரும் அதுவரை சைகையிலேயே பேசி வந்தவர்கள். எங்கள் குடும்பத்தில் பள்ளிக்கூடம் போய்ப் படித்த முதல் ஆள் நான், இங்கிலீஷ் பேசுவேன். ஆகவே ஆள் அனுப்பிக் கூப்பிட்டார்கள். அன்றிலிருந்து என் நடையே மாறிவிட்டது என்கிறாள் அம்மா.

சாச்சி தானே கடையில் நின்று அரைக் கிலோ கொத்துக்கறி வாங்கியிருந்தாள்; நாலரை ரூபாய். கெய்கோ அதில் பொடியாக அரிந்த வெங்காயம், இஞ்சிச் சாறு, முட்டை, இடித்த ரஸ்க் சேர்த்துப் பிசைந்து, எண்ணெய் தொட்டு உருட்டினார்.

"நம்ம கோலா உருண்டைதானேடி. இதுக்கா கப்பலேறி வந்தா?" என்றாள் சாச்சி. நான் அதை மொழிபெயர்க்கவில்லை.

பொரித்தெடுத்த பிறகுதான் ஜப்பான் ஆரம்பமானது. சோயா சாஸைச் சர்க்கரையோடு காய்ச்சி, உருண்டைகளை அதில் புரட்டினால் மேலே கண்ணாடிபோல் ஒரு பூச்சு படியுமாம். கெய்கோ இரண்டு பாட்டில்களை எடுத்தார். கறுப்பு, சோயா சாஸ். வெளிர் மஞ்சள் என்னவென்று கேட்டேன். "அரிசியில் செய்த இனிப்பு ஒயின். பளபளப்பே இதில்தான்," என்றார் இங்கிலீஷில்.

"இன்னாடி சொல்றா?" என்றாள் சாச்சி.

அரிசிச் சாறு என்று சொல்லிவிட்டால் விருந்து தடையில்லாமல் நடக்கும். ஆனால் ஐந்து வேளை தொழுகிறவளுக்குத் தெரியாமல் மதுவைக் கொடுத்தவள் ஆவேன். உண்மையைச் சொன்னால் சாச்சி எதையுமே தொடாமல் எழுந்துவிடலாம்.

"சாராயம் சாச்சி. இன்னும் ஊத்தல," என்றேன். எங்கள் வீடுகளில் இதற்கு இடமில்லை என்று கெய்கோவிடமும் சொன்னேன்.

கெய்கோவின் முகம் சிவந்தது. பாட்டிலை இறுக மூடி மாடியில் வைத்துவிட்டு வந்து, கையையும் கரண்டியையும் மூன்று தரம் கழுவினார். சாச்சி அதையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"ஒரு சொட்டுகூட கைல படல, மூணு தரம் கழுவுறா. உங்க சாச்சா மீன் அறுத்துட்டே ஒரு தரம்தான் கழுவுவாரு," என்றாள். "மினுமினுப்புதானே வேணும்? பனைவெல்லத்தப் போட்டு பாகு காச்சச் சொல்லு."

இதை உடனே மொழிபெயர்த்தேன். பனைவெல்லமும் சோயா சாஸும் கொதித்துக் கரண்டியில் ஒட்டும் பதம் வந்ததும், கெய்கோ உருண்டைகளைப் போட்டுச் சட்டியைக் குலுக்கினார். அலை நனைத்த கரும்பாறைபோல அவை மின்னின. ஒன்றைத் தின்று பார்த்து, "எங்கள் ஊரில் இந்த மணம் கிடையாது," என்று இன்னொன்றை எடுத்தார்.

சாச்சி பிஸ்மில்லா சொல்லி ஒன்றை வாயில் போட்டாள். உடனே இரண்டாவது. மூன்றாவதை எடுக்கும்போது என்னைப் பார்த்தாள்.

"இன்னா பாத்துகினு கீற? நீயும் துன்னு. அப்பால கிடைக்காது."

மாலை பஸ்ஸுக்கு இருவரும் வழியனுப்ப வந்தார்கள். "அடுத்த தபா வந்தா வாடகை வாணாம், சமைச்சுப் போட்டா போதும்னு சொல்லு," என்றாள் சாச்சி. சொன்னேன். கெய்கோ இடுப்பு வளையக் குனிந்தார். சாச்சி அவரைப் பிடித்து நிமிர்த்தி, இரு கன்னத்தையும் வழித்துத் தன் நெற்றிப்பொட்டில் விரல்களைச் சொடுக்கினாள்.

அதற்கு என்ன பொருள் என்று கெய்கோ என்னைக் கேட்டார். என் இங்கிலீஷில் வார்த்தை கிடைக்கவில்லை. நான் யோசிப்பதற்குள் அவரே சாச்சியின் கன்னத்தை வழித்து, தன் நெற்றியில் வைத்து அழுத்திப் பார்த்தார். ஒரு விரலில்கூடச் சொடுக்கு விழவில்லை. சாச்சி சிரித்த சிரிப்பு பஸ் திரும்பும் வரை கேட்டது.