ரோதமுனியின் உச்ச அடி

ஈர ஸ்வெட்டர் வாடை. அதற்கு மேல் மோடம் கீச்சிடும் சத்தம்...

ஹட்டன் டவுனில் ஒரு மாடியில் இருந்த நெட் கஃபே எனக்கு இப்படித்தான் நினைவிருக்கிறது. மழைக்காலத்தில் கம்ப்யூட்டர் பெட்டியின் பின்பக்கம் கையை வைத்தால் இதமாகச் சூடு வரும். இணையத்தால் எங்களுக்குக் கிடைத்த முதல் பயன் அதுதான்.

அப்போது நான் ஒரு தேயிலைத் தோட்டப் பள்ளிக்கூடத்தில் புது வாத்தியார். என் சின்ன வயதுக் கூட்டாளி செல்வம், அதே தோட்டத்து ஆபீஸில் உதவிக் கிளாக்கர். சனிக்கிழமை மத்தியானம் பஸ் ஏறி வந்து, ஒரே நாற்காலியில் ஆளுக்குப் பாதி உட்கார்ந்து, வாளும் மந்திரமுமாக ஒரு ஆன்லைன் கேம் ஆடுவோம். இரண்டு பேருக்கும் சேர்த்து ஒரே வீரன். பெயர் ரோதமுனி. தேயிலை ஃபெக்டரி மெஷின்களுக்குக் காவல் நிற்கும் சாமி. வெள்ளைக்கார அரக்கர்களுக்கு அவர் போதும் என்று நினைத்தோம்.

ரோதமுனியிடம் ஒரு கோடாரி இருந்தது. ஒரு மழைக்காலம் முழுக்கச் சதுப்பு நிலத்துப் பேய்களை அடித்துச் சம்பாதித்தது. அதற்கு ஒரு விசேஷம்... ஒரு சண்டையில் ஒரே ஒரு தடவை, குறி தப்பாமல் உச்ச அடி விழும். அதாவது அந்த வீரனால் அடிக்க முடிந்த ஆகப் பெரிய அடி.

சுவரோடு சுவர் ஒட்டிய வரிசையில் செல்வம் பிறந்த லயத்து வீடு தோட்டத்துக்குச் சொந்தம். வாசல் கொய்யா மரமும் தோட்டத்துக்குச் சொந்தம். தன்னுடையது என்று சொல்லிக்கொள்ள அவனுக்கு ஒரு குடையும், அந்தக் கோடாரியில் பாதியும் இருந்தன.

அதைத்தான் பந்தயம் வைத்தோம்.

எதிராளி எங்கள் பள்ளிக்கூடத்துக் கணித மாஸ்டர். யாழ்ப்பாணத்துக்காரர். அடுத்த மெஷினில் இருந்தார், நடுவில் ஒரு பலகைத் தடுப்பு. தோற்றவர் ஆயுதத்தைக் கொடுத்துவிட வேண்டும்.

"தம்பியவை, கோடாரியைத் துடைச்சு வையுங்கோ. கறள் பிடிச்ச சாமான் எனக்குச் சரிவராது" என்றது தடுப்புக்கு அந்தப் பக்கம்.

"உங்க வாள பத்திரமா வைங்க சார். தேயில கவ்வாத்து வெட்ட ஒன்னு தேவைப்படுது" என்றான் செல்வம்.

மாறி மாறி ஆடும் சண்டை. தன் முறை வந்தால் அடிக்கலாம், இல்லை ரொட்டி தின்று உயிரை ஏற்றிக்கொள்ளலாம். இரண்டையும் சேர்த்துச் செய்ய முடியாது.

வெளியே இடி. லைட் ஒரு தரம் மங்கி, யோசித்துவிட்டுத் திரும்பி வந்தது. கஃபே முதலாளி கூரையைப் பார்த்து முருகனைக் கூப்பிட்டார்.

மாஸ்டரின் உயிர் முப்பத்தெட்டுக்கு இறங்கியது. எங்களுடையது அதைவிட மோசம். இன்னொரு நல்ல அடி தாங்காது. எங்கள் முறை... திரையின் மூலையில் நேரம் கரைந்துகொண்டிருந்தது.

உச்ச அடி முப்பத்தெட்டு வந்தால் மாஸ்டர் காலி. ஒன்று குறைந்தாலும் அவர் எழுந்து நிற்பார், கோடாரியின் விசேஷமும் தீர்ந்திருக்கும்.

"சீக்கிரம் சொல்லுடா." விரலைக் கீபோர்டுக்கு மேல் தூக்கிப் பிடித்திருந்தேன்.

செல்வம் கண்ணை மூடிக்கொண்டு மனக்கணக்குப் போட்டான்.

"பலம் அறுபத்தேழு. மருந்துக்கு நூத்துக்குப் பதினஞ்சு கூட்டு... எழுபத்தேழு. மந்திரத்துக்கு நூத்துக்குப் பத்து கூட்டு... எம்பத்தி நாலு. கோடாரி அதுல நூத்துக்கு நாப்பத்தஞ்சு அடிக்கும்..."

கண்ணைத் திறந்தான்.

"முப்பத்தேழு."

"நல்லா பாத்தியா?"

"முப்பத்தேழுதான்டா. ஒன்னு பத்தாது. ரொட்டியத் தின்னு."

கணக்கில் செல்வத்தை நான் சந்தேகப்பட்டதே இல்லை. தோட்ட நிர்வாகமும் சந்தேகப்பட்டதில்லை.

ரொட்டியைத் தின்றோம்.

மாஸ்டர் அடித்தார். ரொட்டி தந்த உயிரையும் சேர்த்து எடுத்துக்கொண்டு போனது அந்த அடி. ரோதமுனி முழங்காலில் விழுந்து பக்கவாட்டில் சாய்ந்தார். கோடாரி ஒரு சின்னப் படமாகச் சுருங்கி அடுத்த மெஷினுக்குப் போனது.

மாஸ்டர் தடுப்புக்கு மேல் தலையை நீட்டினார். ஜெயித்தவர் முகமாக இல்லை.

"ஏன் கோடாரியாலை அடிக்கேல்லை? அடிச்சிருந்தா நான் முடிஞ்சன். முப்பத்தெட்டு விழுந்திருக்கும்."

"முப்பத்தேழுதான் சார் வரும்."

"தசமங்களை என்ன செய்தனீர்?"

"வெட்டிட்டேன் சார்."

"அதைக் கடைசியிலை எல்லோ வெட்டோணும். நீர் எங்கை வெட்டினனீர்?"

"ஒவ்வொரு எடத்துலயும்."

"ஏன்?"

செல்வம் அவரை விளங்காமல் பார்த்தான். "எப்பவும் அப்படித்தானே சார் வெட்டுறது."

ஆபீஸில் செல்வத்தின் முக்கிய வேலை, பெண்கள் பறித்து வரும் கொழுந்தைக் கூலிக் கணக்குக்காக நிறுப்பது. காலையில், மத்தியானம், அந்தியில். ஒவ்வொரு நிறுவையிலும் கிலோவுக்கு மேல் நிற்கும் கிராமை வெட்டிவிட்டுத்தான் பதிய வேண்டும். மேலிடத்து உத்தரவு. கேம் கடைசியில் ஒரே ஒரு தடவைதான் வெட்டியது. அரக்கர்கள் வாழும் உலகத்தில் அப்படி ஒரு நேர்மையை அவன் எதிர்பார்க்கவில்லை.

சாயங்காலம் பஸ்ஸில் திரும்பினோம். தோட்டத்துக்கு இறங்க வேண்டிய டயகம நெருங்கும்போது, "அங்கயாச்சும் ஏமாத்த மாட்டாங்கன்னு யாருடா கண்டா" என்றான்.

திங்கட்கிழமை கொழுந்து நிறுக்கும் மடுவத்துப் பக்கமாகப் போனேன். செல்வம் தராசு முள்ளையே பார்த்துக்கொண்டு நின்றான். பின்னால் மேற்பார்வைக்குக் கண்டாக்கு. முன்னால் ஈரச் சாக்கோடு வரிசை.

"என்னா கிளாக்கரய்யா, முள்ளு நின்னு ரொம்ப நேரமாச்சு. படம் புடிக்கிறீங்களா?" என்றார் வரிசையில் முதலில் நின்ற அக்கா.

நானும் ஒரு நிமிஷம் காத்திருந்தேன்... புரட்சி எதுவும் நடக்கவில்லை. வெட்டித்தான் பதிந்தான்.

இப்போது டிஜிட்டல் தராசு வந்துவிட்டது என்கிறார்கள். கிராம் சுத்தமாகத் தெரிகிறதாம். வெட்டுகிறவர்களுக்கும் அது வசதி.

நெட் கஃபே இருந்த மாடியில் ஃபோன் கடை. மாஸ்டர் மாற்றலாகிப் போய், பிறகு நாட்டை விட்டும் போய்விட்டார். கேமையே மூடிவிட்டார்கள். ஆனால் யாரோ ஒரு ரசிகர் அதன் உச்ச அடிக் கணக்கை மட்டும் இணையத்தில் விட்டு வைத்திருக்கிறார். எண்களைப் போட்டால் உடனே விடை வரும்.

போன மாதம் கொழும்பிலிருந்து செல்வம் அந்தப் பக்கத்தைப் படம் பிடித்து அனுப்பியிருந்தான். பலம், மருந்து, மந்திரம், கோடாரி... எல்லாம் சரியாகப் போட்டிருந்தான். கீழே பெரிய எழுத்தில் 38.

"அடிச்சிருக்கலாம்டா" என்று ஒரு வரி.

அன்று சரியான விடை தெரியாமல் ரொட்டியைத் தின்றோம். இன்று விடை கையில் இருக்கிறது. தடுப்புக்கு அந்தப் பக்கம்தான் ஆள் இல்லை.